ஆக்னல் அனுப்பும் கேம்கள்

புதன்கிழமை விடியற்காலை, மணி சரியாக ஐந்து. பெட்டி மூச்சு விட ஆரம்பித்தது.

மகேந்திரன் அப்போதுதான் ஸ்வெட்டருக்குள் தலையை நுழைத்துக்கொண்டிருந்தான். வெளியே கவுஞ்சி ஊர் முழுக்க மேகம் இறங்கிக் கிடந்தது. கீழ்க்காட்டில் கேரட் கழுவுகிற மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. மூட்டைகளை ஏற்றிக்கொண்டு ஆறு மணிக்குள் பிக்கப்பைக் கிளப்பினால்தான் ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் நல்ல நேரத்துக்கு இறக்க முடியும். ஆனால் அவன் கையை ஸ்வெட்டருக்குள் விட்டபடியே நின்றுவிட்டான். டிவிக்குக் கீழே, மனைவி ஜெயாவின் பழைய சேலைத் துண்டு போர்த்தியிருந்த பிளேஸ்டேஷனுக்குள் விசிறி சுற்றியது. யாரும் அதைத் தொடவில்லை. யாரும் அதன் பக்கத்தில்கூட இல்லை.

"வந்துருச்சா?" போர்வைக்குள்ளிருந்தே ஜெயா கேட்டாள்.

"ம்."

"உசுரோட இருந்தப்பக்கூட உங்க கூட்டாளி இம்புட்டு கரெக்ட்டா வந்ததில்ல."

சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள். போர்வைக்குள்ளேயே கன்னத்தில் போட்டுக்கொள்ளும் சத்தம் கேட்டது.

ஆக்னல் இறந்து இரண்டு வருடம் ஐந்து மாதம் ஆகிறது. அன்றிலிருந்து ஒரு மாதம்கூடத் தவறாமல், முதல் புதன்கிழமை விடியற்காலையில், அவன் மகேந்திரனுக்கு கேம் அனுப்பிக்கொண்டிருக்கிறான்.

இந்த விஷயம் தெரியாதவர்களுக்குச் சொல்லிவிட வேண்டும். கன்சோல் வைத்திருப்பவர்கள் சந்தா கட்டினால் மாதாமாதம் இரண்டு மூன்று கேம் இலவசமாகக் கிடைக்கும். மாதத்தின் முதல் செவ்வாய் ராத்திரி புதுசு போடுவார்கள். ஆனால் அது தானாக வந்து வீட்டில் விழாது. ஒவ்வொரு கேமையும் தொட்டு, கணக்கில் சேர்க்க வேண்டும். போனிலிருந்தே சேர்க்கலாம், அங்கே ஓர் அம்புக்குறியை அமுக்கினால் எத்தனை மைலுக்கு அப்பால் இருந்தாலும் பெட்டி தானாக விழித்து அதை இறக்கிக்கொள்ளும். ஒரு மாதம் மறந்தால் அந்த மாதத்து கேம் போனது போனதுதான். மகேந்திரனுக்கு இதையெல்லாம் சொல்லிக் கொடுத்ததே ஆக்னல்தான்.

"அதுவா வராது மாப்ள. கைய வச்சு அமுக்கணும். ஒரு ஆளு அமுக்குனாத்தான் வரும்."

ஒரு ஆள் அமுக்கினால்தான் வரும். இந்த ஒரு வரி இரண்டு வருடமாக மகேந்திரனைத் தூங்கவிடவில்லை.

மகேந்திரனின் அப்பா கண்டிப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டில் பிறந்து, கப்பலேறி வந்து, குண்டுப்பட்டியில் குடியமர்த்தப்பட்டவர். மகனுக்குத் தேயிலையோடு எந்தச் சோலியும் இல்லை. பதினெட்டு வயதிலேயே ஸ்டியரிங்கைப் பிடித்தான். ஜெயாவைக் கட்டிக்கொண்டு கவுஞ்சிக்கு வந்து, கேரட்டும் உருளையும் ஏற்றி இறக்கிப் பிழைத்தான். கொடைக்கானலில் ஒரு பெரிய ஸ்கூலின் மெஸ்ஸுக்குக் காய் இறக்கப் போனபோது, அங்கே தராசு பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்த ஸ்டோர் கீப்பர்தான் ஆக்னல். ஒரு கேரட்டைத் தூக்கி வெளிச்சத்தில் காட்டினான்.

"என்ன பங்காளி, இது கேரட்டா, ஆணியா?"

"ஆணின்னா செவத்துல அடிச்சு சட்டைய மாட்டிக்க. இன்னும் அஞ்சு மூட்ட எறக்கணும். வெரசா தராசப் போடு."

சட்டை மாட்டுகிற பேச்சு ஒரே வாரத்தில் தோளில் கை போடுகிற பேச்சாகிவிட்டது. அந்த ஸ்கூலில் வெளிநாட்டு டீச்சர் ஒருவர் ஊருக்குத் திரும்பிப் போகும்போது, அடுப்பு முதல் குடை வரைக்கும் புல்வெளியில் பரப்பி, சின்னச் சின்ன ஸ்டிக்கரில் விலை ஒட்டி விற்றார். அதில் பிளேஸ்டேஷனும் இருந்தது. இரண்டு பேரும் சேர்ந்து வாங்கினார்கள். ஆக்னலின் அப்பா ஜெபதுரை, ஜெபமாலை சொல்கிற வீட்டில் துப்பாக்கிச் சத்தம் கேட்கக் கூடாது என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டார். அதனால் பெட்டி கவுஞ்சிக்கு வந்தது. கணக்கு ஆக்னல் பேரில், ஆக்னல் போனில். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் அவன் பைக்கில் வந்துவிடுவான். இரண்டு பேரும் விளக்கு வைக்கிற வரைக்கும் ஆடுவார்கள்.

புது டிஸ்க் வாங்கினால் அந்த மாதம் வீட்டில் கறி எடுக்க முடியாது. அதனால் மாதாந்திர இலவச கேம்தான் அவர்களுக்கு எல்லாமே. ஒரு மாதம் கால்பந்து வரும். ஒரு மாதம் எலும்புக்கூடுகள் வரும். ஒரு மாதம், டிராக்டர் ஓட்டி விதைக்கிற கேம் வந்தது.

"ஏலே, நாள் பூரா காட்டுல கெடந்துட்டு வந்து இங்கயும் உழவா?" என்று மகேந்திரன் கத்தினான்.

"மெஸ் சாப்பாடு மாதிரி மாப்ள. என்ன போடுறாய்ங்களோ அதான். குத்தம் சொல்லாமத் தின்னு."

சந்தாவை விட்டு விட்டுக் கட்ட வேண்டாம் என்று, ஒரு சலுகை வந்தபோது மூன்று வருடத்துக்குச் சேர்த்துக் கட்டிவிட்டார்கள். ஆக்னல் அதற்கப்புறம் ஏழு மாதம்தான் இருந்தான்.

அந்த ஜூனில் வந்தது ஒரு படகு கேம். ஓட்டைப் படகு. ஒருவன் துடுப்புப் போட வேண்டும், ஒருவன் வாளியால் தண்ணீரை இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஒரே பெட்டியில், பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஆடுவது. மகேந்திரன் தனியாக ஆடிப் பார்த்தான். ஐந்து தடவையும் மூழ்கியது. சாயங்காலம் போன் போட்டான். ஒரு நாளைக்கு இருபது தடவை போன் பேசுகிறவர்கள், அது இருபத்தொன்று.

"வாலே. இது தனியா முடியாது, முங்கிருது."

"மேகம் எறங்கிருக்கு மாப்ள. பூம்பாறை தாண்டுனா ஒண்ணும் தெரியாது. ஞாயித்துக்கெழம வாரேன்."

"சரி சரி, அம்மா மடியில படுத்துத் தூங்கு. பேரு மட்டும் பெரிய ரைடர்."

அந்தப் பக்கம் பைக் சாவி கிலுங்கும் சத்தம். அப்புறம் சிரிப்பு. "இர்றா, வாரேன். ஜெயாட்ட முட்டக்கோசு மட்டும் வைக்க வேணாம்னு சொல்லு."

பூம்பாறை தாண்டி மூன்றாவது வளைவு. அவ்வளவுதான்.

செண்பகனூரில், ஆக்னலின் வீட்டில், அவனைச் சவப்பெட்டிக்குள் படுக்க வைத்திருந்தார்கள். அவன் அம்மா சூசையம்மாள் வந்தவர்கள் ஒவ்வொருவரின் கையையும் பிடித்து ஒரே கேள்வியைத்தான் கேட்டாள். அழக்கூட இல்லை. "இந்த மேகத்துல, அந்த நேரத்துல, எங்கடா போனான் எம் புள்ள?" மகேந்திரனின் கையையும் பிடித்தாள். "நீ சொல்லு மகி. ஒனக்குத் தெரியாம அவன் எங்கயும் போக மாட்டானே. எங்க போனான்?"

"தெரியலம்மா."

ஒரே ஒரு சொல். அதைச் சொல்லிவிட்டு அவன் அடக்கத்தில் மண் போட்டான். அதற்கப்புறம் அந்தத் தெருவுக்குள் கால் வைக்கவில்லை. தினமும் லோடு ஏற்றிக்கொண்டு கீழே இறங்கும்போது செண்பகனூரைக் கடந்துதான் போக வேண்டும். முன்பெல்லாம் தெருமுனையில் இரண்டு ஹார்ன் அடிப்பான். ஆக்னல் ஜன்னலில் கையாட்டுவான். இப்போது அந்த இடம் வந்தால் மகேந்திரன் ஆக்சிலேட்டரைக்கூட மெதுவாகத்தான் மிதிப்பான். எஞ்சின் சத்தம் அந்த வீட்டுக்குள் போய்விடக் கூடாது.

அடுத்த மாதம், ஜூலை. முதல் புதன். விடியற்காலை ஐந்து மணிக்குப் பெட்டி விழித்தது.

டிவியைப் போட்டுப் பார்த்தான். கருப்புத் திரையில் நீலப் பட்டை ஒன்று மெல்ல நிரம்பிக்கொண்டிருந்தது. மேலே ஆக்னலின் பெயர். பக்கத்தில் அவன் வைத்திருந்த சின்னப் படம், கூலிங் கிளாஸ் போட்ட ஆடு, மன்னவனூர் ஆட்டுப் பண்ணையில் எடுத்தது. ஒரு ஆளு அமுக்குனாத்தான் வரும்.

அவன் யாரிடமும் சொல்லவில்லை. ஆகஸ்டில் ஜெயாவே பார்த்துவிட்டாள். பூம்பாறை கோயிலிலிருந்து விபூதி வாங்கி வந்து பெட்டியின் நெற்றியில் மூன்று பட்டை போட்டாள். அடுத்த மாதம் மூன்று கேம் வந்தது.

"பட்டைக்கு ஒண்ணா அனுப்பிருக்காரு," என்றாள் ஜெயா. அப்புறம் பயந்துபோய், "பிளக்கப் புடுங்கிப் போடுங்க. எனக்கு ஈரக்குல நடுங்குது," என்றாள்.

அவன் பிடுங்கவில்லை. ஏன் என்று ஜெயாவுக்குச் சொல்ல முடியவில்லை. ஆக்னல் போன் போட்டால் எடுக்காமல் இருந்ததே இல்லை. இப்போது மட்டும் எப்படி?

வந்த கேம் ஒன்றைக்கூட அவன் திறந்து பார்த்ததில்லை. வந்து வந்து பெட்டி நிரம்பிப்போனது. ஒரு மாதம், இடமில்லை என்று திரையில் எச்சரிக்கை வந்து, நீலப் பட்டை பாதியில் நின்றது. அன்றைக்கு மகேந்திரன் மூட்டை ஏற்றக்கூடப் போகாமல் உட்கார்ந்து பழையதில் ஒன்றை அழித்தான். பட்டை மறுபடி நகர்ந்தது. அதற்கப்புறம் ஒவ்வொரு முதல் செவ்வாய்க்கும் முன்னால் ஒரு கேமை அழித்து இடம் பண்ணிவைப்பது அவனுக்குப் பழக்கமாகிவிட்டது. ஆக்னல் வந்து இடமில்லாமல் மேகத்தில் வெளியே நிற்க வேண்டாம். உழவு போனது, கால்பந்து போனது. படகை மட்டும் அவன் விரல் அழிக்கவில்லை.

ஜெயாவுக்கு அவன் சொன்னதெல்லாம், ஆக்னல் எங்கோ போகும்போது விழுந்துவிட்டான் என்பதுதான். அந்தப் போன் பேச்சு உலகத்தில் இரண்டு பேருக்குத்தான் தெரியும். ஒருவன் மண்ணுக்குள். அவன்தான் மாதாமாதம் கதவைத் தட்டுகிறான். எதற்காகத் தட்டுகிறான் என்று மகேந்திரனுக்குத் தெரியாமல் இல்லை. 'எங்கம்மாட்ட சொல்லிட்டியாலே?' அவ்வளவுதான் கேட்பான்.

இந்தப் புதன்கிழமை, நவம்பர் ஐந்தாம் தேதி, அவன் டிவியைப் போட்டபோது நீலப் பட்டைக்கு மேலே புதிதாக ஓர் அறிவிப்பு இருந்தது. சந்தா பதினான்காம் தேதி முடிகிறது. முடிந்ததும் இதுவரை வந்த மாதாந்திர கேம்கள் எல்லாம் பூட்டிக்கொள்ளும்.

அவன் அதை மூன்று தடவை படித்தான். அப்படியென்றால் டிசம்பரில் பெட்டி விழிக்காது. நிம்மதியாக இருக்க வேண்டும். இருக்கவில்லை. தட்டுகிறவன் தட்டித் தட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போகப் போகிறான் என்று பட்டது. கேட்காமலே போய்விடுவான். சொல்லாமலே இவன் கிடப்பான்.

ஜெயா எழுந்து வந்து பக்கத்தில் நின்றாள். கேலி இல்லை இப்போது.

"அவங்க வீட்ல ஒரு எட்டு போய்க் கேட்டுட்டு வாங்களேன். யாராச்சும் அந்தப் போன வச்சிருப்பாங்கள்ல. ரெண்டு வருசமா அந்த வீட்டுக்குப் போகாத ஒரே ஆளு நீங்கதான்."

ஒட்டன்சத்திரத்தில் இறக்கிவிட்டு மேலே ஏறும்போது மணி மூன்றரை. செண்பகனூர் தெருமுனையில் வண்டியை நிறுத்தினான். இறங்கி, மறுபடி ஏறி உட்கார்ந்து, மறுபடி இறங்கினான்.

கதவு திறந்தே இருந்தது. சூசையம்மாள் மேசைமேல் கம்பளி விரித்து, கோயில் பீடத்துக்குப் போடும் வெள்ளைத் துணியை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். கோயில் துணிகள் துவைத்துத் தேய்ப்பது அவள் வேலை. நிமிர்ந்து பார்த்தாள். ஆச்சரியமே இல்லை முகத்தில்.

"வா மகி. ஞாயித்துக்கெழம கல்லறைத் திருநாளுக்காச்சும் வருவேன்னு பாத்தேன். உக்காரு. வண்டிய நடுவுல நிப்பாட்டலயே?"

"இல்லம்மா." அவன் உட்கார்ந்தான். ஜெபதுரையின் நாற்காலி என்று உட்கார்ந்த பிறகுதான் தெரிந்தது. எழுந்து ஸ்டூலுக்கு மாறினான். "அப்பா எங்கம்மா?"

"தோட்ட வேலைக்குத்தான். அஞ்சு மணிக்கு வருவாரு."

அவனுக்குச் சுற்றிவளைக்கத் தெரியவில்லை. "அம்மா, ஆக்னல் போனு..."

"இங்கதான் இருக்கு." இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு, மாதா படத்துக்குக் கீழே இருந்த போனை எடுத்து வந்தாள். சார்ஜர் வயர் கூடவே தொங்கியது. "இன்னைக்கு வந்துச்சா? ரெண்டுதான் இருந்துச்சு. ஒண்ணு காரு. இன்னொண்ணு பேயி. கர்த்தரே, என்ன மூஞ்சி அது! சிலுவ போட்டுட்டுத்தான் அமுக்குனேன்."

"நீங்களா?" என்றான். "நீங்களாம்மா?"

"பின்ன யாரு?"

அவள் போனைத் திருப்பிக் காட்டினாள். ஆக்னல் வைத்த நினைவூட்டல் அதில் இருந்தது. ஒவ்வொரு மாதமும் முதல் புதன், காலை ஐந்து மணி. 'மகி வீட்டுக்கு கேம் போடணும்.' அவன் மெஸ்ஸுக்குப் புறப்படும் முன், அடுப்பங்கரையில் பாலில்லாத கட்டங்காப்பி குடித்தபடி இதைச் செய்வதை அவள் வருடக்கணக்காகப் பார்த்திருக்கிறாள். எந்தப் படத்தைத் தொடுவான், அப்புறம் எந்தக் கட்டம், கடைசியில் எந்த அம்புக்குறி, எல்லாம் மனப்பாடம்.

"என்னடா இதுன்னு ஒருநா கேட்டேன். மகிக்குக் குடுத்த வாக்கும்மா, மாசாமாசம் செய்யலேன்னா போயிரும்னான். அவன் போன பொறகு அடுத்த மாசம் இது பாட்டுக்கு அடிக்குது. எனக்கு நெஞ்சே நின்னுபோச்சு. புள்ள நேர்ச்சய பாக்கி வச்சுட்டுப் போயிருக்கானேன்னு."

"நேர்ச்சையா?"

"வாக்குன்னா நேர்ச்சதான? பாக்கி இருந்தா உத்தரிக்கிற ஸ்தலத்துலயே கெடக்கணும்யா, மேல ஏற முடியாது. சாமியார்ட்டப் போயி, பிள்ளையோட நேர்ச்சயப் பெத்தவ செலுத்தலாமான்னு கேட்டேன். செலுத்தலாம்னாரு. என்ன நேர்ச்சன்னு அவரு கேக்கல. நானும் சொல்லல."

மகேந்திரன் சிரிக்கப் போனான். சிரிக்க முடியவில்லை. இரண்டு வருடம்! அவன் டிவி முன்னால் உட்கார்ந்திருந்த அதே ஐந்து மணிக்கு, முப்பத்தைந்து கிலோமீட்டர் தள்ளி, இந்த அம்மா கண்ணாடியை மூக்கில் ஏற்றி, சிலுவை போட்டுக்கொண்டு, மகன் கரையேற வேண்டும் என்று பேய்ப் படத்தை அமுக்கிக்கொண்டிருந்தாள்.

"இதுல சிவப்பா ஒண்ணு எழுதிருக்கே, என்னய்யா அது?" என்று போனை நீட்டினாள். அதே அறிவிப்புதான்.

"பதினாலாம் தேதியோட முடியுதும்மா. அதுக்கப்பறம் ஒண்ணும் வராது."

"முடியுதா?" அவள் முகம் ஒரு நொடி விரிந்து, உடனே சுருங்கியது. "ஆனா ஒரு மாசம் பாக்கி இருக்கே மகி. இந்த ஆகஸ்டுல டைபாய்டு வந்து ஆசுபத்திரில பன்னெண்டு நாளு கெடந்தேன். போனு வீட்லயே கெடந்துச்சு. அந்த மாசம் போடல. அத எப்படிக் கழிக்கிறது? அதான் தெனம் கும்பிடுறேன்."

ஆகஸ்ட் மகேந்திரனுக்கு நன்றாக நினைவிருந்தது. அன்றைக்குக் கவுஞ்சியில் பேய் மழை. ஐந்து மணிக்குப் பெட்டி விழித்தது.

"ஆகஸ்டும் வந்துச்சும்மா."

"வராதுய்யா. நான் போடலயே."

"வந்துச்சும்மா. மூணு வந்துச்சு. நான் இடம் பண்ணி வச்சிருந்தேன்."

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். ஜன்னலுக்கு வெளியே மேகம் தெருவை நிரப்பிக்கொண்டிருந்தது. எதிர்வீட்டுச் சுவர் போய், கேட் போய், கடைசியில் ஜன்னல் கம்பிதான் மிச்சம். சூசையம்மாளின் பார்வை மெல்ல நகர்ந்து ஜெபதுரையின் காலி நாற்காலியில் போய் நின்றது.

"வீட்ல அவரு மட்டும்தான் இருந்தாரு," என்றாள் தணிந்த குரலில். "அவரு அந்தப் போனத் தொட்டதே இல்லய்யா. அவன் பேரச் சொன்னாலே எந்திரிச்சுப் போயிருவாரு. ரெண்டு வருசமா அவன் பேர அவரு வாயால சொல்லிக் கேக்கல."

அவள் இஸ்திரிப் பெட்டியை எடுத்துத் துணியில் வைத்தாள். தேய்க்கவில்லை. "அப்ப நேர்ச்ச முழுசாச்சு," என்றாள். "நீதான சொல்லணும்? ஒனக்குத்தான வாக்கு. போதும்னு நீ சொல்லிட்டா அவன் கரையேறிருவான்ல?"

போதும் என்று ஒரு சொல் சொன்னால் முடிந்தது. அவள் அதைத்தான் கேட்கிறாள். அவன் வாயைத் திறந்தான். அந்தச் சொல் வரவில்லை.

"அம்மா. அன்னைக்கு அவன் எங்க போனான்னு கேட்டீங்கள்ல."

அவள் கை இஸ்திரிப் பெட்டிமேலேயே இருந்தது.

"எங்க வீட்டுக்குத்தாம்மா வந்தான். நான்தான் கூப்புட்டேன். மேகமா இருக்கு, வரலன்னான். நான் சீண்டுனேன். அம்மா மடியில படுத்துத் தூங்குன்னு சொன்னேன். ரோசப்பட்டு ஏறிட்டான். தெரியலன்னு ஒங்க கையப் புடிச்சுக்கிட்டுப் பொய் சொன்னேன்."

துணியிலிருந்து தீய்ந்த வாடை வந்தது. அவள் பார்க்கவே இல்லை. மகேந்திரன் எழுந்து இஸ்திரிப் பெட்டியைத் தூக்கி நிறுத்தினான். வெள்ளைத் துணியில் பழுப்பாக ஒரு படகு போலத் தடம் விழுந்திருந்தது.

"எதுக்குக் கூப்புட்ட?"

"ஒரு கேமு. ஓட்டப் படகு. தனியா ஆட முடியாது."

"ஓட்டப் படகு." அவள் அதைத் திருப்பிச் சொன்னாள். "நான் எவளோ ஒருத்தின்னு நெனச்சேன். எவளோ ஒரு புள்ளயப் பாக்கத்தான் போயிருக்கான், வீட்ல சொல்ல வெக்கப்பட்டுக்கிட்டுன்னு. கோயில்ல வயசுப் புள்ளைக மூஞ்சி ஒவ்வொண்ணையும் பாப்பேன். இவளா? இவளா? ஜாடைல கண்டுபுடிச்சிரலாம்னு. பாவம், அதுகள மனசுக்குள்ள என்னென்ன வஞ்சிருப்பேன்! ரெண்டு வருசமா. நீயாடா?"

"நாந்தாம்மா."

"நீயா?"

அவள் மேசையைச் சுற்றி வந்தாள். அடிப்பாள் என்று நினைத்தான். அடிக்கட்டும் என்று நின்றான். அவள் அவன் ஸ்வெட்டரின் நெஞ்சுப் பக்கத்தைக் கொத்தாகப் பிடித்தாள். பலமில்லாத கை. உலுக்கினாள். மறுபடியும் உலுக்கினாள். அப்புறம் பிடியை விடாமலே, "சட்னு பிரேக்கப் புடிச்சிருப்பானா அவன்? வலிச்சிருக்குமா?" என்றாள்.

"தெரியலம்மா," என்றான். இந்தத் தடவை அது உண்மை. அழுதுவிட்டான்.

அவள் அழவில்லை. பிடியை விட்டாள். தீய்ந்த துணியை மடித்து ஓரமாக வைத்தாள். உள்ளே போனாள். வெளியே போய்விடு என்று சொல்லத்தான் வருவாள் என்று அவன் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஓடிவிடலாம் போலவும் இருந்தது. திரும்பி வந்தபோது அவள் கையில் கட்டங்காப்பி இருந்தது. கொடுக்கவில்லை. மேசைமேல் வைத்தாள், அவன் எட்டி எடுக்கிற தூரத்தில்.

"நான் அவருட்டச் சொல்ல மாட்டேன்."

"சரிம்மா."

"நீதான் சொல்லணும். எனக்குச் சொன்ன மாதிரியே. அந்த மடியில படுன்னு சொன்னதயும் சேத்துச் சொல்லு. ஒண்ணையும் முழுங்காத." குரல் அங்கேதான் கொஞ்சம் உடைந்தது. "எனக்கு இப்ப ஒன் மூஞ்சியப் பாக்கப் புடிக்கல மகி. ஆனா நீ எந்திரிச்சுப் போயிட்டேன்னா இன்னும் ரெண்டு வருசம் வர மாட்ட. உக்காரு."

அவன் உட்கார்ந்தான். காப்பி ஆறிப்போனது. அவள் வேறொரு துணியை விரித்து, தண்ணீர் தெளித்து, ஓரத்திலிருந்து தேய்க்க ஆரம்பித்தாள். ஒவ்வொரு இழுப்பிலும் ஆவி எழுந்தது.

ஐந்து மணிக்குக் கேட் கிறீச்சிட்டது. ஜெபதுரை மேகத்துக்குள்ளிருந்து வாசலுக்கு வந்தார். மண்வெட்டியைச் சுவரில் சாய்த்து, பூட்ஸைக் கழற்றிக் கவிழ்த்து வைத்து, நிமிர்ந்தபோதுதான் ஸ்டூலில் இருந்தவனைப் பார்த்தார். ஈரத் தொப்பி கையிலேயே நின்றது. மனைவியைப் பார்த்தார். மேசைமேல் கிடந்த போனைப் பார்த்தார். இளைத்துத்தான் போயிருந்தார் மனிதர். கழுத்து எலும்பு சட்டைக்கு மேலே தெரிந்தது.

சூசையம்மாள் தலை தூக்கவில்லை. தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

ஜெபதுரை தொண்டையைச் செருமினார். பேசிப் பழக்கமில்லாத ஒன்றைப் பேசுகிறவர்போல் மெல்லக் கேட்டார்.

"என்னப்பா மகி... ஆக்னல் போட்டதெல்லாம் ஒழுங்கா வந்து சேருதா?"

மகேந்திரன் எழுந்து நின்றான். சூசையம்மாளின் கையிலிருந்த இஸ்திரிப் பெட்டி நின்றுவிட்டது.

"வந்து சேருதுப்பா," என்றான். "நீங்க உக்காருங்க. அவனப் பத்தி ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்."